ஒரு சதுர மீட்டர் 46 ரூபாயா... 645 ரூபாயா? சாலைக்குப் போன தேனி நிலத்துக்கு விலை சொன்ன வழக்கு!

46 ரூபாய் 55 காசு. போடிநாயக்கனூர் கடைவீதியில் இந்தப் பணத்துக்கு ஐம்பது கிராம் ஏலக்காய்கூடக் கிடைக்காது. ஆனால், திண்டுக்கல்லிலிருந்து தேனி வழியாகக் குமுளிக்குப் போகும் தேசிய நெடுஞ்சாலையின் பெயரில் உச்ச நீதிமன்றம் வரை சென்ற ஒரு வழக்கில், ஒரு சதுர மீட்டர் நிலத்துக்கு அரசு அதிகாரி நிர்ணயித்த இழப்பீடு அங்கேதான் ஆரம்பித்தது. அதிகபட்சமே 83 ரூபாய் 15 காசு.

சதுர மீட்டர் என்றால் நம் ஊரில் பலருக்கும் பிடிபடாது. சென்ட் கணக்கில் பார்த்தால் சட்டென்று புரியும். ஒரு சென்ட் என்பது சுமார் 40.47 சதுர மீட்டர். அப்படியானால் ஒரு சென்ட் நிலத்துக்குக் கிடைத்தது, குறைந்தபட்சம் சுமார் 1,884 ரூபாய். அதிகபட்சம் சுமார் 3,365 ரூபாய். நெடுஞ்சாலை ஓரத்து நிலத்துக்கு!

அதே நிலத்துக்குக் கடைசியில் கிடைத்தது சதுர மீட்டருக்கு 645 ரூபாய். சென்ட்டுக்கு சுமார் 26,100 ரூபாய். இடையில் நடந்தது என்ன? போடி, சின்னமனூர், கம்பம், உத்தமபாளையம் பக்கம் நிலம் வைத்திருக்கும் ஒவ்வொரு குடும்பமும் தெரிந்துகொள்ள வேண்டிய கதை இது.

ஒரே அரசு, மூன்று நாற்காலிகள்

திண்டுக்கல் - தேனி சாலை, தேனி - குமுளி சாலை இரண்டும் அப்போது 45 நீட்டிப்பு, 220 என்ற பழைய எண்களில் இருந்தன. அந்தச் சாலைகளுக்கான திட்ட இயக்குநர்தான் உச்ச நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்தவர். அதோடு சேர்த்து விசாரிக்கப்பட்ட வழக்குகள் எல்லாமே 2009-க்குப் பிறகு தேசிய நெடுஞ்சாலைகள் சட்டம், 1956-ன்கீழ் வெளியான அறிவிக்கைகள் தொடர்பானவை.

இந்தச் சட்டத்தில் இழப்பீடு முடிவாகும் விதம் கொஞ்சம் வித்தியாசமானது. முதலில் 'தகுதிவாய்ந்த அதிகாரி' விலை நிர்ணயிப்பார். பெரும்பாலும் அவர் நில எடுப்புக்கான சிறப்பு மாவட்ட வருவாய் அலுவலர். அந்தத் தொகை போதாது என்றால், நேராக சிவில் கோர்ட்டுக்குப் போக முடியாது. மத்திய அரசு நியமிக்கும் நடுவரிடம்தான் போக வேண்டும். அந்த நடுவர் பெரும்பாலும் மாவட்ட ஆட்சியர். அதற்கும் மேலே போக வேண்டுமென்றால்தான், நடுவர் தீர்ப்பாயச் சட்டம், 1996-ன் 34-வது பிரிவின்கீழ் மாவட்ட நீதிமன்றம்.

அதாவது, நிலத்தை எடுப்பது அரசு. விலை சொல்வது அரசு அதிகாரி. அந்த விலை சரியா என்று பார்க்கும் நடுவரும் அரசு நியமித்த அதிகாரி. சாதாரண நடுவர் வழக்குகளில் இரு தரப்பும் சேர்ந்து நடுவரைத் தேர்ந்தெடுக்கும். இங்கே நிலத்துக்காரருக்கு அந்த வாய்ப்பே கிடையாது.

இந்த வழக்குகளிலும் அதுதான் நடந்தது. அதிகாரி, அக்கம்பக்க நிலங்களின் விற்பனைப் பத்திரங்களைப் பார்க்கவில்லை. அரசின் வழிகாட்டி மதிப்பை மட்டும் எடுத்துக்கொண்டு விலை போட்டார். நடுவரான ஆட்சியர் அதே தொகையை அப்படியே உறுதிசெய்தார். நிலத்துக்காரர்கள் விடவில்லை. மாவட்ட நீதிமன்றம் போனார்கள். நீதிமன்றம் தொகையை சதுர மீட்டருக்கு 645 ரூபாயாக உயர்த்தியது. சென்னை உயர் நீதிமன்றமும் அதை ஏற்றது.

சட்டத்தில் தோல்வி, பணத்தில் வெற்றி!

நெடுஞ்சாலை ஆணையம் உச்ச நீதிமன்றம் போனது. 'நடுவரின் தீர்ப்பு தவறு என்றால் நீதிமன்றம் அதை ரத்து செய்யலாம். ஆனால், தானே ஒரு தொகையைத் திருத்தி எழுத 34-வது பிரிவில் அதிகாரம் இல்லை' என்பதுதான் அதன் வாதம்.

2021 ஜூலை 20 அன்று நீதிபதிகள் ஆர்.எஃப்.நாரிமன், பி.ஆர்.கவாய் அமர்வு தீர்ப்பளித்தது. சட்டக் கேள்வியில் ஆணையம் சொன்னதே சரி என்றது அமர்வு. நீதிமன்றம் தொகையை மாற்ற முடியாது. ரத்து செய்து திருப்பி அனுப்பத்தான் முடியும்.

அப்படியென்றால் 645 ரூபாய் போய்விட்டதா? இல்லை. இதே போன்ற நிலையிலிருந்த வேறு சிலருக்கு ஆணையமே அதிகத் தொகை போய்ச் சேர அனுமதித்திருந்தது. ஒரே மாதிரி நிலத்துக்கு ஒருவருக்கு ஒரு விலை, இன்னொருவருக்கு ஒரு விலை என்பது சமத்துவம் ஆகாது. அதோடு, ஏழு முதல் பத்து வருடங்களுக்கு முன்னால் வந்த தீர்ப்புகளை இப்போது ரத்து செய்து, மறுபடியும் அதே அரசு நியமன நடுவரிடம் முதலிலிருந்து ஆரம்பிக்கச் சொல்வது நியாயமில்லை. இந்தக் காரணங்களைச் சொல்லி, உயர்த்தப்பட்ட தொகையில் தலையிட மறுத்துவிட்டது உச்ச நீதிமன்றம்.

இந்த வழக்கில் வந்தவர்கள் தப்பித்தார்கள். ஆனால், அடுத்து வருபவர்களுக்குக் கதவு குறுகிவிட்டது. அந்தக் கதவு 2025 ஏப்ரல் 30 அன்று கொஞ்சம் திறந்தது. ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு, நடுவர் தீர்ப்பை நீதிமன்றங்கள் 'வரம்புக்கு உட்பட்டு' திருத்தலாம் என்று 4-க்கு 1 என்ற கணக்கில் தீர்ப்பளித்தது. கணக்குப் பிழை, எழுத்துப் பிழை, பிரித்தெடுக்கக்கூடிய தவறான பகுதி போன்றவற்றைச் சரிசெய்யலாம். முழு வழக்கையும் புதிதாக விசாரித்து புது விலை போட அது அனுமதி தரவில்லை.

எனவே, இதில் ஒளிந்திருக்கும் பாடம் ஒன்றுதான். 'கோர்ட்டில் பார்த்துக்கலாம்' என்று முதல் இரண்டு படிகளில் சும்மா இருந்துவிடக் கூடாது. பத்திரம், போட்டோ, மரக் கணக்கு என்று எல்லா ஆதாரமும் அதிகாரியிடமும் நடுவரிடமும் இருக்கும்போதே ஃபைலில் ஏறியிருக்க வேண்டும்.

பத்திரத்தில் குறைத்து எழுதிய விலை

நிலத்தின் சந்தை மதிப்பு எப்படிக் கணக்கிடப்படுகிறது? 2013-ம் ஆண்டின் நில எடுப்புச் சட்டம் (நியாயமான இழப்பீடு, வெளிப்படைத்தன்மை ஆகியவற்றைப் பெயரிலேயே வைத்திருக்கும் சட்டம், 2014 ஜனவரி 1 முதல் அமலில் இருக்கிறது) இதற்கு வழி சொல்கிறது. முத்திரைச் சட்டப்படியான வழிகாட்டி மதிப்பு ஒன்று. அக்கம்பக்கத்தில் முந்தைய மூன்று வருடங்களில் பதிவான அதே வகை நிலங்களின் பத்திரங்களில், அதிக விலை போன பாதிப் பத்திரங்களின் சராசரி இன்னொன்று. இவற்றில் எது அதிகமோ, அதுதான் சந்தை மதிப்பு.

கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால், நம் ஊர் வழக்கம் என்ன? பத்து லட்சத்துக்கு நிலத்தை வாங்கி, பத்திரத்தில் மூன்று லட்சம் என்று போடுவது. முத்திரைத்தாள் செலவு மிச்சம் என்று அன்றைக்கு இரு தரப்புக்கும் சந்தோஷம். பிறகு ஒருநாள் சாலைக்கோ, ரயில்வேக்கோ, சிப்காட்டுக்கோ கல் ஊன்றும்போது, அந்த மூன்று லட்ச ரூபாய் பத்திரம்தான் மொத்த ஊருக்கும் எதிராகச் சாட்சி சொல்லும். நிலத்தை விற்றவர் எப்போதோ பணத்தோடு போயிருப்பார். பக்கத்து வயல்காரருக்குத்தான் நஷ்டம்.

வழிகாட்டி மதிப்பும் எப்போதும் கைகொடுக்காது. 2017 ஜூனில் தமிழ்நாடு முழுக்க வழிகாட்டி மதிப்பு 33 சதவிகிதம் குறைக்கப்பட்டது. வீட்டுமனை வாங்கியவர்களுக்கு அது நல்ல செய்தி. வழிகாட்டி மதிப்பை மட்டும் வைத்து இழப்பீடு போடும் இடத்தில் நிலம் கொடுப்பவருக்கோ அது அடி.

ஒரு சின்னக் கணக்கு

2013 சட்டப்படி கிராமப்புற நிலத்துக்கு இழப்பீடு எப்படிக் கூடும் என்பதை உதாரணத்தோடு பார்க்கலாம்.

போடி பக்கம் ஒரு குடும்பத்தின் நிலத்துக்குச் சந்தை மதிப்பு 10 லட்சம் என்று வைத்துக்கொள்வோம். கிராமப்புறமென்றால் இதை 1 முதல் 2 வரையிலான ஒரு காரணியால் பெருக்க வேண்டும். நகரத்திலிருந்து நிலம் எவ்வளவு தூரம் என்பதைப் பொறுத்து மாநில அரசு அதை நிர்ணயிக்கும். உதாரணத்துக்கு 1.25 என்று எடுத்தால், 12.5 லட்சம். அந்த நிலத்திலுள்ள மரம், கிணறு, மோட்டார் ரூம் எல்லாம் சேர்த்து 2 லட்சம். ஆக 14.5 லட்சம். இதற்குச் சமமான தொகை, அதாவது 100 சதவிகிதம், 'ஆறுதல் தொகை'யாகச் சேரும். மொத்தம் 29 லட்சம். இதோடு, குறிப்பிட்ட காலத்துக்குச் சந்தை மதிப்பின் மேல் வருடத்துக்கு 12 சதவிகிதம் கூடுதல் தொகையும் உண்டு. இந்தச் சட்டப்படி தரப்படும் இழப்பீட்டுக்கு வருமான வரியும் கிடையாது.

முதல் வரியில் இருக்கும் 10 லட்சம் தப்பானால் என்ன ஆகும்? அது 4 லட்சம் என்று பதிவானால், பெருக்கலும் ஆறுதல் தொகையும் சேர்ந்து மொத்தம் 14 லட்சத்துக்கு வந்து நின்றுவிடும். ஆரம்பத்தில் 6 லட்சம் குறைந்தால், கடைசியில் 15 லட்சம் குறைகிறது. அதனால்தான் சண்டை எப்போதும் அந்த முதல் எண்ணில் ஆரம்பிக்கிறது.

தேசிய நெடுஞ்சாலைக்குப் போன நிலங்களுக்குப் பல வருடங்கள் இந்த ஆறுதல் தொகையே கிடையாது. நெடுஞ்சாலைச் சட்டத்தின் '3ஜே' பிரிவு அதைத் தடுத்து வைத்திருந்தது. 2015 முதல்தான் 2013 சட்டத்தின் இழப்பீட்டு முறை நெடுஞ்சாலைகளுக்கும் வந்தது. அதற்கு முன்னால் நிலம் கொடுத்தவர்கள் என்ன பாவம் செய்தார்கள் என்ற கேள்விக்கு, 2019 செப்டம்பர் 19 அன்று உச்ச நீதிமன்றம் பதில் சொன்னது. ஆறுதல் தொகையும் வட்டியும் மறுக்கும் அளவுக்கு அந்தப் பிரிவு செல்லாது என்றது. 'இனி வரும் வழக்குகளுக்கு மட்டும் இது பொருந்தும் என்று சொல்லுங்கள்' என்று ஆணையம் கேட்டதையும், 2025 பிப்ரவரி 4 அன்று நீதிமன்றம் ஏற்கவில்லை.

சரிவில் இருக்கும் மண்ணுக்குத் தனிக் கணக்கு

சமவெளி நிலத்தில் பத்து சென்ட் போனால், பத்து சென்ட்தான் போகும். மலைச்சரிவில் அப்படி இல்லை.

போடிமெட்டு ஏறும்போது கீழே மா, இலவம், தென்னை. மேலே போகப் போக காபி, மிளகு, ஏலம். ஏலச்செடிக்கு நிழல் வேண்டும். சாலைக்காக ஓரத்து நிழல் மரங்களை வெட்டினால், எடுக்கப்பட்ட இடத்தைத் தாண்டி உள்ளே இருக்கும் செடிகளும் வெயிலில் காயும். சரிவை வெட்டினால் மேல்பக்க மண் மழைக்கு நகரும். தண்ணீர் வரும் ஓடை திசை மாறும். தோட்டத்தின் நடுவே சாலை போனால், மேல் பாதிக்கும் கீழ் பாதிக்கும் தொடர்பே அறுந்துவிடும்.

இதற்கெல்லாம் சட்டத்தில் இடம் இருக்கிறது. மீதமுள்ள நிலம் துண்டிக்கப்படுவதால் வரும் சேதத்துக்கு இழப்பீடு கேட்கலாம் என்று 2013 சட்டமும் சொல்கிறது, நெடுஞ்சாலைச் சட்டமும் சொல்கிறது. மரங்கள், பயிர்களின் மதிப்பைக் கணக்கிட, விவசாயம், வனம், தோட்டக்கலை போன்ற துறைகளில் அனுபவமுள்ளவர்களை ஆட்சியர் பயன்படுத்தலாம். ஆனால், கேட்டால்தான் கிடைக்கும். கேட்பதற்கு ஆவணம் வேண்டும்.

அடங்கலில் 'தரிசு' என்று இருந்து, நிலத்தில் நாற்பது மாமரம் நின்றால், அதிகாரி காகிதத்தைத்தான் முதலில் பார்ப்பார். கிராம நிர்வாக அலுவலரிடம் சொல்லி, என்ன பயிர், எத்தனை மரம் என்பதைப் பதிவில் சரிசெய்து வைப்பது, நோட்டீஸ் வருவதற்கு முன்பே செய்ய வேண்டிய வேலை.

போடிக்காரர்கள் பலருக்குத் தோட்டம் இருப்பது மெட்டுக்கு அந்தப் பக்கம், இடுக்கி மாவட்டத்தில். அங்கே விலையைப் பேசும் முன், நிலம் யாருடையது என்பதே கேள்வியாகிவிடும். ஏலமலைப் பகுதி வனமா, வருவாய் நிலமா என்ற வழக்கு வருடக்கணக்கில் நடக்கிறது. 2024 அக்டோபரில் அங்கே புதிதாகப் பட்டா கொடுக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் இடைக்கால உத்தரவு போட்டது. பட்டாவும் குத்தகை ஆவணமும் சரியாக இல்லாதவர்களுக்கு, இழப்பீடு என்ற பேச்சே தூரத்தில்தான் இருக்கிறது.

சொந்தமாக ஒரு சென்ட்கூட இல்லாமல், தினமும் ஜீப்பில் மலையேறி வேலைக்குப் போகிறவர்களும் இருக்கிறார்கள். எடுக்கப்படும் நிலத்தை நம்பி மூன்று வருடங்களுக்கு மேல் பிழைத்துவரும் விவசாயத் தொழிலாளர், குத்தகைதாரர் குடும்பங்களையும் 2013 சட்டம் 'பாதிக்கப்பட்ட குடும்பம்' என்றே சொல்கிறது. ஆனால், பல ஊர்களில் இது அவர்களுக்கே தெரியாது.

அப்பத்தா பெயரில் பட்டா

பல வீடுகளில் பிரச்னை அரசிடமிருந்து ஆரம்பிப்பதில்லை. வீட்டுக்குள்ளிருந்துதான் ஆரம்பிக்கிறது.

பட்டா இன்னும் தாத்தா பெயரிலோ, அப்பத்தா பெயரிலோ இருக்கும். மூத்தவர் போடியில், அடுத்தவர் திருப்பூரில், தங்கச்சி கல்யாணமாகி ஆண்டிபட்டியில். நோட்டீஸ் வந்ததும் அண்ணன் போன் போடுவார். "தங்கச்சி, ஒரு கையெழுத்துதான். வந்து போட்டுட்டுப் போயிரு." "எதுக்குண்ணே கையெழுத்து?" என்று தங்கை திருப்பிக் கேட்டால், அந்தக் கேள்வி நியாயமானது. பரம்பரைச் சொத்தில் மகள்களுக்கும் பங்கு உண்டு. 2005-ம் ஆண்டின் மத்தியச் சட்டத் திருத்தத்துக்கு முன்பே, 1989-ல் தமிழ்நாடு இதற்குத் தனிச் சட்டத் திருத்தம் கொண்டு வந்தது. அந்தக் கையெழுத்து, இழப்பீட்டில் தன் பங்கை வாங்கவா, விட்டுக்கொடுக்கவா என்று படித்துப் பார்த்த பிறகே பேனாவைத் தொட வேண்டும்.

யாருக்கு எவ்வளவு பங்கு என்று குடும்பத்துக்குள் சண்டை வந்தால், பணம் நீதிமன்றத்துக்குப் போய்விடும். வழக்கு முடியும்வரை யார் கைக்கும் வராது. வாரிசுச் சான்றிதழ் வாங்கி, பட்டாவைப் பெயர் மாற்றி வைத்திருக்கும் வீடுகளில்தான் பணம் சீக்கிரம் வந்து சேர்கிறது.

கையெழுத்துக்கு முன்னால்...

* நோட்டீஸ் எந்தச் சட்டத்தில் வந்திருக்கிறது என்று முதல் பத்தியைப் பார்க்க வேண்டும். தேசிய நெடுஞ்சாலைக்கு ஒரு சட்டம். மாநில நெடுஞ்சாலை, தொழிற்பேட்டை, ஆதிதிராவிடர் நல வீட்டுமனை ஆகியவற்றுக்குத் தமிழ்நாட்டின் தனித்தனிச் சட்டங்கள். இந்த மாநிலச் சட்டங்கள் செல்லும் என்று 2021 ஜூன் 29 அன்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. சட்டம் மாறினால் கெடுவும் மாறும்.

* தேசிய நெடுஞ்சாலை என்றால், முதல் அறிவிக்கை வெளியான 21 நாள்களுக்குள் எழுத்தில் ஆட்சேபணை தர வேண்டும். 2013 சட்டம் என்றால் 60 நாள்கள்.

* எடுக்கப்படும் சர்வே எண், உட்பிரிவு, பரப்பளவு மூன்றையும் புலப்படத்தோடு ஒப்பிட வேண்டும். ஒரு சென்ட் விட்டுப்போனாலும் பிறகு சேர்ப்பது கஷ்டம்.

* மரம், கிணறு, போர், பைப்லைன், வேலி எல்லாவற்றையும் தேதியோடு போட்டோவும் வீடியோவும் எடுத்து வைக்க வேண்டும். இடித்த பிறகு எடுக்க எதுவும் இருக்காது.

* பக்கத்து நிலங்களின் நல்ல விலைப் பத்திரங்களுக்குப் பதிவு அலுவலகத்தில் நகல் வாங்கி, மனுவோடு இணைக்க வேண்டும்.

* தொகை குறைவு என்று தோன்றினால், பணம் வாங்கும்போதே 'ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்' என்று எழுதிக் கையெழுத்திட வேண்டும். 2013 சட்டப்படி, எதிர்ப்பு சொல்லாமல் பணத்தை வாங்கிவிட்டால், பிறகு கூடுதல் தொகை கேட்டு விண்ணப்பிக்க முடியாது. விருது அறிவிக்கும்போது நேரில் இருந்தவர்களுக்கு விண்ணப்பக் கெடு ஆறு வாரம்தான். (நில எடுப்பில் 'விருது' என்றால் பரிசு இல்லை, இழப்பீட்டுத் தொகையை நிர்ணயிக்கும் உத்தரவு!)

* அதே அறிவிக்கையில் நிலம் போன பக்கத்துக்காரர் மேலே போய் அதிகத் தொகை வாங்கியிருந்தால், வழக்கு போடாதவர்களும் 2013 சட்டத்தின் 73-வது பிரிவின்கீழ் மூன்று மாதங்களுக்குள் மறுநிர்ணயம் கேட்கலாம்.

சாலையும் வேண்டும்... விலையும் வேண்டும்!

2023 ஜூன் 15 அன்று, பன்னிரண்டு வருடங்களுக்கு மேல் காத்திருந்த போடிக்கு அகல ரயில் வந்தது. மூணாறு - போடிமெட்டு மலைச்சாலை அகலமாகி, 2024 ஜனவரியில் திறக்கப்பட்டது. ஏலக்காய் மூட்டையும் மாம்பழக் கூடையும் சீக்கிரம் சந்தைக்குப் போய்ச் சேர, இவை எல்லாமே தேவை. சாலையே வேண்டாம் என்று சொல்லும் நிலத்துக்காரர்கள் குறைவு. சாலை வந்ததால் விலை உயர்ந்த நிலம் எல்லாம் அடுத்தவர் கையில் இருக்க, சாலைக்கே நிலம் கொடுத்தவர் மட்டும் பழைய விலையோடு நிற்பதுதான் அவர்களுக்கு வலிக்கிறது.

திண்டுக்கல் - குமுளி வழக்கில் நிலத்துக்காரர்கள் கேட்டது சலுகை இல்லை. பக்கத்தில் உண்மையில் என்ன விலைக்குப் போகிறதோ, அந்த விலை. அதற்காக அதிகாரி, ஆட்சியர், மாவட்ட நீதிமன்றம், உயர் நீதிமன்றம், உச்ச நீதிமன்றம் என ஐந்து வாசல் ஏறி இறங்க வேண்டியிருந்தது. 1,884 ரூபாய் சென்ட் 26,100 ரூபாய் ஆக, சில குடும்பங்களுக்குப் பத்து வருடங்களுக்கு மேல் ஆனது. அந்தப் பத்து வருடத்தில் பிள்ளையின் காலேஜ் ஃபீஸும், வீட்டுப் பெரியவரின் ஆஸ்பத்திரிச் செலவும் வழக்கு முடியட்டும் என்று காத்திருக்கவில்லை.

முதல் நாற்காலியிலேயே, பக்கத்து நிலப் பத்திரங்களை வாங்கிப் பார்த்து விலை போட்டிருந்தால், மீதி நான்கு வாசலும் தேவைப்பட்டிருக்காது.